சிந்தாமணிக்காக நம் இல்லம் நாடி வந்த பேராசான்

கல்லூரிப் புலமையும் இல்லறத்தார் போற்றிய மரபறிவும் ஒன்றுகூடினாலன்றிப் பழந்தமிழ் நூல்கள் துலங்கா. இவ்வுண்மையைத் தம் வாழ்வால் மெய்ப்பித்தவர் டாக்டர் உ. வே. சாமிநாதையர்.

1855-ஆம் ஆண்டு பிறந்த ஐயர், மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பயின்று, 1880-இல் கும்பகோணம் அரசினர் கல்லூரியில் தமிழாசிரியரானார். அவ்வாண்டே அவ்வூருக்கு முன்சீபாக வந்த சேலம் இராமசுவாமி முதலியார், ஐயர் கற்ற அந்தாதிகளையும் புராணங்களையும் கேட்டு நிறைவுறவில்லை. சீவகசிந்தாமணியைக் கற்றதுண்டா என்று வினவியதோடு, அந்நூலின் பிரதியொன்றையும் தேடி அளித்தார்.

சைவ மடத்தின் சூழலில் தமிழ் கற்ற ஐயருக்குத் திருத்தக்கதேவரின் காப்பியம் புதியதோர் உலகமாயிருந்தது. நச்சினார்க்கினியர் உரை உடனிருந்தும், சமண சமயக் கருத்துக்களும் மரபுச் சொற்களும் விளங்கவில்லை. ஆசிரியப் பதவியை எண்ணித் தயங்காமல், கும்பகோணத்துச் சமணர் இல்லங்களை நாடி மாணவராய் அமர்ந்தார். ஏட்டில் உறங்குவதாக அவர் எண்ணிய நூல், அங்கே நாள்தோறும் ஓதப்பட்டு வந்தது. அதனைப் படித்து முடித்த நாளை ஓர் இல்லத்தார் விழாவாகக் கொண்டாடியது கண்டு வியந்தார். சந்திரநாத செட்டியார் போன்றோர் ஐயங்களைத் தெளிவித்தனர். சமய நுட்பங்களில் அவர் காட்டிய ஆர்வத்தைக் கண்ட அம்மையார் ஒருவர், அவரை வீடுபேற்றுக்குரிய பவ்விய ஜீவனாகவே கருதினார். வீடூர் அப்பாசாமி நயினாரின் புலமையும் அவருக்குத் துணைநின்றது.

இவ்வுழைப்பின் பயனாக 1887-இல் சிந்தாமணி நச்சினார்க்கினியர் உரையுடன் அச்சேறியது. தொடர்ந்து 1892-இல் சிலப்பதிகாரத்தையும், 1924-இல் பெருங்கதையையும் பதிப்பித்தார். 1906-இல் மகாமகோபாத்தியாயர் பட்டமும், 1932-இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் டாக்டர் பட்டமும் பெற்று, 1942-இல் மறைந்தார். நம் முன்னோர்பால் தாம் பெற்ற உதவியைத் தம் வாழ்க்கை வரலாற்றில் நன்றியுடன் பதிந்துள்ளார்.

அவர் வந்தபோது விடைகூற வல்லோர் நம் இல்லங்களில் இருந்தனர். இன்று ஓர் ஆய்வு மாணவர் நம் வாயிலில் வந்து நின்றால், குணத்தானங்களையும் கன்மங்களையும் எடுத்துரைக்க நம்முள் எத்தனை பேர் உளர்? ஏடுகளைக் காத்தல் மட்டும் போதாது; ஓதுதலும் உணர்தலும் தொடர வேண்டும். பரணிலுள்ள சுவடிகளை அறிஞர்க்குக் காட்டுவோம். பிள்ளைகளுக்குச் சிந்தாமணியை ஓதுவிப்போம். சாத்திர தானம் நம் கடமையன்றோ!