தாபோடி வழியே சென்ற அறிஞர்

மார்க்சியம் ஓர் அறிவியலா, அன்றி அறிவியலின் பெயரைப் பூண்டுகொண்ட ஒரு சமயமா என்னும் கேள்வி மாணவர் கூடும் இடங்களிலெல்லாம் எழுகின்றது. நம் சங்க நண்பர்களிடையேயும் எழுந்தது. அது அறிவியலே, ஆதலால் அதன் முடிவுகளை இனி ஆராய வேண்டுவதில்லை என்றனர் ஒரு சாரார். அது வெறும் நம்பிக்கை, ஆதலால் ஆய்வுக்கூடத்தில் அதற்கு இடமே இல்லை என்றனர் மற்றொரு சாரார். இரு சாராரும் பேசக் கேட்டபின், இக்கேள்வியை வாதத்தால் தீர்க்க முயல்வதைவிட ஒரு மனிதரின் வாழ்க்கையைக் கொண்டு ஆராய்வதே பயன் தரும் என்று எனக்குத் தோன்றியது.

அம்மனிதர் நமக்கு அயலார் அல்லர். நான் குடியிருக்கும் தாபோடி, புனேயிலிருந்து லோணாவளா செல்லும் இருப்புப்பாதையில், கட்கி நிலையத்தை அடுத்து முளா ஆற்றைக் கடந்ததும் வருவது. 1930-ஆம் ஆண்டில் ஓடத் தொடங்கிய 'டெக்கான் குயீன்' வண்டி இங்கே நிற்பதில்லை; ஊரைக் கடந்து விரைந்து போய்விடும். அந்த வண்டியில் ஏறி, புனேக்கும் அன்றைய பம்பாய்க்கும் இடையே பல ஆண்டுகள் போய்வந்துகொண்டிருந்தார் ஒரு கணிதப் பேராசிரியர். அவரே தாமோதர் தர்மானந்த கோசாம்பி. வரலாறு பயில்வோர் அவரை வரலாற்றாசிரியர் என்பர். மரபியல் பயில்வோர் ஒரு சூத்திரத்தின் பெயராக மட்டுமே அவரை அறிவர். வடமொழி பயில்வோர் பர்த்ருஹரியின் பாடல்களை ஆராய்ந்து பதிப்பித்தவர் என்பர். மூவரும் கூறுவது ஒருவரையே.

கோசாம்பி 1907-ஆம் ஆண்டு ஜூலை 31-ஆம் நாள், போர்ச்சுகீசியர் ஆட்சியிலிருந்த கோவாவில் கோஸ்பென் என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தையார் தர்மானந்த கோசாம்பி, புத்தரின் நெறியைக் கற்கும் வேட்கையால் வீட்டைத் துறந்து இலங்கை வரை சென்று பாலி மொழி பயின்றவர். பின்னர் அமெரிக்காவிலுள்ள ஹார்வர்டு பல்கலைக்கழகம் அவரை அழைத்துக்கொண்டது. 1918-இல் தந்தையுடன் அங்குச் சென்ற சிறுவன் தாமோதர், அந்நாட்டுப் பள்ளியிலேயே பயின்று, 1929-இல் ஹார்வர்டில் மிக உயர்ந்த சிறப்புடன் பட்டம் பெற்றார். அங்கேயே தங்கியிருக்கலாம். ஆயினும் தாயகம் திரும்பி, காசி இந்துப் பல்கலைக்கழகத்திலும், அதன்பின் அலிகாரிலும் கணிதம் கற்பித்தார். 1933-இல் புனேயின் பெர்குசன் கல்லூரிக்கு வந்தார். பன்னிரண்டு ஆண்டுகள் அங்கே ஆசிரியப் பணி புரிந்தபின், புதிதாகத் தோன்றிய டாட்டா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தில் சேர்ந்தார். பணி பம்பாயில், வீடு புனேயில். இரண்டையும் இணைத்தது டெக்கான் குயீன் வண்டி.

புனேயில் வாழ்ந்த அந்த 1930-களிலும் 40-களிலும்தான் கோசாம்பி மார்க்சின் நூல்களில் ஆழ்ந்தார். மார்க்சியம் ஒரு விஞ்ஞானியை எப்படி மாற்றும்? கோசாம்பியின் வாழ்வில் அது முதலில் கேள்விகளைத்தான் மாற்றியது. அரசர் பெயர்களையும் போர்களையும் அடுக்குவதே வரலாறாக இருந்த காலத்தில் அவர் வேறு வினாக்களை எழுப்பினார். அக்காலத்து மக்கள் எதை உண்டனர்? எக்கருவியால் உழைத்தனர்? உழைப்பின் மிகுதியை யார், எவ்வாறு எடுத்துக்கொண்டனர்? இவ்வினாக்கள் மார்க்சிடமிருந்து வந்தவை. ஆனால் இவற்றுக்குரிய விடைகளையும் மார்க்சின் ஏட்டிலேயே தேடிக்கொள்ளலாம் என்று அவர் எண்ணவில்லை. விடைக்காக அவர் கையில் எடுத்தது ஒரு தராசு.

நம் நாட்டின் மிகப் பழைய நாணயங்கள் வெள்ளியில் முத்திரை குத்தப்பட்டவை. அவற்றில் அரசன் பெயரும் இல்லை, ஆண்டும் இல்லை. தட்சசீலத்தில் குவியலாகக் கிடைத்த அத்தகைய நாணயங்களின் காலத்தை எப்படி வரிசைப்படுத்துவது? கோசாம்பி அவற்றை ஒவ்வொன்றாக எடை போட்டார். கைமாறக் கைமாற நாணயம் தேய்கின்றது. ஒரு காசு எத்துணைத் தேயும் என்று யாரும் சொல்ல முடியாது. ஆயிரம் காசுகளின் சராசரித் தேய்வையோ கணக்கிட்டுவிடலாம். நாள் செல்லச் செல்லச் சராசரி எடை குறையும். காசுக்குக் காசு உள்ள வேறுபாடு மிகும். இது சரிதானா என்று பார்க்க, அந்நாளில் புழக்கத்திலிருந்த காசுகளையும் ஆயிரக்கணக்கில் எடை போட்டுச் சோதித்தார். தட்சசீல நாணயங்களின் பின்புறத்தில் சிறு முத்திரைகள் மிகுந்தோறும் எடை குறைந்திருக்கக் கண்டார். அவை புழக்கத்தின்போது அவ்வப்போது சரிபார்த்து இடப்பட்ட குறிகள் என்று துணிந்தார். இவ்வாறு, எழுத்தே இல்லாத ஒரு காலத்தின் வாணிகத்தைத் தராசுத் தட்டிலிருந்து படித்தார். கேள்வி மார்க்சியருடையது, விடையோ எவரும் மீண்டும் எடை போட்டுச் சரிபார்க்கக்கூடியது.

அவருடைய பெயரை உலகெங்கும் பரப்பியது இதனினும் வேறான ஒரு பணி. 1944-இல் அவர் வெளியிட்ட நான்கு பக்கக் கட்டுரை ஒன்று மரபியலில் நிலைத்துவிட்டது. மரபணுக்கள் குரோமோசோம் என்னும் இழையில் மணிகள்போல் வரிசையாக உள்ளன. கரு அணுக்கள் உருவாகும்போது இணை இழைகள் இடையிடையே குறுக்காக மாறிக்கொள்கின்றன. இரு மரபணுக்கள் தொலைவில் இருந்தால் அவை பிரிய வாய்ப்பு மிகுதி. ஆகவே பிரியும் விகிதத்தைக் கொண்டு தொலைவை அளக்கலாம். ஆனால் இடையில் இரு முறை மாற்றம் நிகழ்ந்தால் முதல் மாற்றத்தை இரண்டாவது மறைத்துவிடும். அன்றியும், ஓரிடத்தில் நிகழ்ந்த மாற்றம் அதன் அருகில் இன்னொன்று நிகழ்வதைத் தடுக்கவும் செய்யும். இவ்விரண்டையும் கருதிக் கோசாம்பி ஒரு சூத்திரம் அமைத்தார். பிரியும் விகிதம் நூற்றுக்கு 5 என்றால் தொலைவும் ஏறக்குறைய 5 அலகே. விகிதம் 20 என்றால், தடையைக் கருதாத ஹால்டேனின் பழைய சூத்திரம் 25.5 அலகு என்னும்; கோசாம்பியின் சூத்திரம் 21.2 என்னும். இன்றும் நெல், கோதுமை முதலிய பயிர்களின் மரபணு வரைபடம் தீட்டுவோர் இச்சூத்திரத்தைப் பயன்படுத்துகின்றனர்.

இங்கே நண்பர்கள் சற்று நிற்க வேண்டும். மார்க்சியத்தை அரசுக் கொள்கையாகக் கொண்ட சோவியத் நாட்டில் அக்காலத்தில் இதே மரபியல் என்ன பாடு பட்டது? பயிர்களின் தோற்றத்தை ஆராய்ந்த பேரறிஞர் வவிலோவ் 1940-இல் கைது செய்யப்பட்டு, 1943-இல் சரத்தோவ் சிறையில் மாண்டார். 1948 ஆகஸ்டில் வேளாண்மை அறிவியல் பேரவையில் லைசென்கோ, மெண்டலின் மரபியல் முதலாளிகளின் பொய்க்கல்வி என்று முழங்கினார். கட்சித் தலைமை அவர் பக்கம் நின்றது. ஆசிரியர்கள் வேலை இழந்தனர். மரபியல் பாடம் நீக்கப்பட்டது. 1960-களின் நடுவில்தான் அத்தவறு களையப்பட்டது. புனேயில் ஒரு மார்க்சியர் மரபணுத் தொலைவைக் கணக்கிட்ட நான்கே ஆண்டுகளில், மாஸ்கோவில் மார்க்சின் பெயராலேயே அந்த அறிவு தடை செய்யப்பட்டது. முன்சொன்ன ஹால்டேனும் மார்க்சியரே. ஆகவே மார்க்சியம் அறிவியலை வளர்க்குமா, கெடுக்குமா என்று பொதுவாகக் கேட்பதில் பயனில்லை. கேள்வி கேட்கும் உரிமையோடு அது நின்றதா, விடையை ஆணையிடும் அதிகாரத்தையும் எடுத்துக்கொண்டதா என்பதே கேட்கத்தக்கது.

கோசாம்பி தம் தோழர்களிடத்தும் இந்த அளவுகோலையே பயன்படுத்தினார். 1949-இல் பொதுவுடைமைத் தலைவர் டாங்கே, பண்டைய இந்தியாவைப் பற்றி ஒரு நூல் எழுதினார். ஐரோப்பிய வரலாற்றுக்குச் சொல்லப்பட்ட படிகள் அனைத்தும் நம் நாட்டிலும் அவ்வாறே நிகழ்ந்தன என்று அதில் காட்ட முயன்றார். அதனை மிகக் கடுமையாகக் கண்டித்து எழுதியவர் கோசாம்பி. கிரேக்கத்திலும் ரோமிலும் இருந்ததுபோன்ற அடிமைமுறைச் சமுதாயம் இந்நாட்டில் இருந்ததற்குச் சான்று இல்லை என்றார். இந்தியக் கிராமம் மாறாதது என்னும் கருத்தை மார்க்சே சொல்லியிருந்தும் அதனை ஏற்க மறுத்தார். 1956-இல் வெளிவந்த இந்திய வரலாற்று ஆய்வு முன்னுரை என்னும் அவருடைய நூல், ஆசானிடம் கற்ற முறையைக் கொண்டே ஆசானின் முடிவைத் திருத்திய நூலாகும்.

ஏட்டறிவு போதாதென்று அவர் கால்நடையாகவும் அலைந்தார். புனேயைச் சுற்றிய குன்றுகளிலும் மேய்ச்சல் நிலங்களிலும் விரல் நகத்தளவே உள்ள நுண்கற்கருவிகளைப் பொறுக்கினார். ஆளந்தியிலிருந்து பண்டரிபுரம் செல்லும் ஞானேசுவரர் பல்லக்கின் பாதை நெடுக அத்தகைய கற்கருவிகளைக் கண்டு, ஞானிகள் பிறப்பதற்குப் பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே மழையையும் புல்லையும் தேடி மந்தையோடு மனிதர் நடந்த தடம் அது என்று கருதினார். தேஹுவிலிருந்து வரும் துக்காராமின் பல்லக்கு எங்கள் தாபோடி வழியாகத்தான் புனேக்குள் நுழைகின்றது. ஆண்டுதோறும் அதைப் பார்க்கும்போது, பக்தியின் அடியில் வயிற்றின் வரலாறும் புதைந்திருக்கலாம் என்னும் எண்ணம் எனக்கு எழாமல் இராது. எருமை அரக்கனாகிய மசோபாவை ஓர் ஊரில் கொல்லும் தேவியே மற்றோர் ஊரில் அவனுக்கு மனைவியாக இருப்பதையும் கோசாம்பி கண்டார். மோதிக்கொண்ட இரு கூட்டத்தார் பின்பு கலந்து வாழ்ந்ததன் நினைவு அது என்று பொருள் உரைத்தார். மாரியம்மனையும் மதுரைவீரனையும் அறிந்த நமக்கு இவ்வகை ஆராய்ச்சி விளங்காத ஒன்றன்று.

அவர் வாழ்வில் சறுக்கலும் உண்டு. அதனை மறைப்பது அவருக்குச் செய்யும் மரியாதை ஆகாது. ரீமன் என்னும் ஜெர்மானியக் கணித அறிஞர் 1859-இல் கூறிய கருதுகோள் ஒன்று பகா எண்களைப் பற்றியது, இன்றளவும் நிரூபிக்கப்படாதது. 1959-இல் கோசாம்பி அதற்கு நிகழ்தகவு வழியில் நிரூபணம் கண்டுவிட்டதாக வெளியிட்டார். அந்த நிரூபணம் நிற்கவில்லை. கணித உலகில் அவர் பெயருக்குப் பெரும் இழுக்கு நேர்ந்தது. உலக அமைதி இயக்கத்தில் ஈடுபட்டு அணுகுண்டை எதிர்த்தவர் அவர். இந்நாட்டுக்கு அணு மின்சாரத்தைவிடக் கதிரவன் ஆற்றலே ஏற்றது என்றும் 1960-இல் புனேயில் பேசினார். அவர் பணிபுரிந்த நிறுவனமோ அணுசக்தித் திட்டத்தின் தந்தையாகிய பாபா நிறுவியது. 1962-இல் அவருடைய பணி ஒப்பந்தம் அங்கே புதுப்பிக்கப்படவில்லை. டெக்கான் குயீன் பயணம் அத்தோடு முடிந்தது. 1964-இல் அறிவியல் தொழில் ஆராய்ச்சி மன்றம் அவருக்கு மதிப்புநிலை விஞ்ஞானி என்னும் பதவி தந்தது. 1966 ஜூன் 29-ஆம் நாள், ஐம்பத்தெட்டாம் வயதில், புனேயில் உறக்கத்திலேயே உயிர் நீத்தார்.

அவர் சொன்னவை எல்லாம் நிலைத்தனவா? இல்லை. சிந்துவெளி மக்கள் ஏர் அறியாதவர் என்று அவர் கருதினார். அவர் மறைந்து சில ஆண்டுகளுக்குள், இராசத்தானத்துக் காளிபங்கனில் ஹரப்பா நகரத்துக்கும் முற்பட்ட உழுத வயலின் சால்கள் மண்ணுக்கடியிலிருந்து வெளிப்பட்டன. கங்கைச் சமவெளிக் காடுகளை அழித்தது இரும்புக் கோடரியே என்னும் அவர் கருத்தையும் பின்வந்தோர் பலர் மறுத்துள்ளனர். இதனால் அவர் பெருமை குன்றிவிடவில்லை. மண்வெட்டியால் மறுக்கப்படக்கூடிய கூற்றைச் சொல்பவனே அறிவியல் பேசுகின்றான். எந்த மண்வெட்டியாலும் மறுக்கமுடியாத கூற்றைச் சொல்பவன் வேதம் ஓதுகின்றான். கோசாம்பி முதல் வகையினர்.

மாணவ நண்பர்களே! சமுதாயத்துக்கும் அறிவியலுக்கும் தொடர்பே இல்லை என்பார் கூற்றை நான் ஏற்கவில்லை. எதை ஆராய்வது, யார் செலவில் ஆராய்வது, யாருக்காக ஆராய்வது என்பவற்றை ஒவ்வொரு காலத்திலும் சமுதாயமே வகுக்கின்றது. அதனைக் கண்திறந்து பார்க்க மார்க்சியம் கோசாம்பிக்கு உதவியது, பிறருக்கும் உதவும். ஆனால் தராசு முள் எங்கே நிற்க வேண்டும் என்று எந்தக் கொள்கையும் கட்டளையிட இயலாது. இட முயன்ற நாட்டில் வவிலோவ் சிறையில் மாண்டார். ஆதலால் நம் சங்கத்து இரு சாராருக்கும் ஒரு வேண்டுகோள். நீங்கள் போற்றும் கொள்கை எதுவாயினும், அது உங்களுக்கு எந்தப் புதிய கேள்வியைத் தந்தது என்று கேளுங்கள். அதற்குக் கிடைத்த விடை உங்கள் கொள்கைக்கு மாறாக இருந்தால், எதைக் கைவிடுவீர்கள் என்றும் கேட்டுக்கொள்ளுங்கள்.