ஒற்றை இமையால் புத்தகம் எழுதிய ஆசிரியர்! லாக்ட்-இன் சிண்ட்ரோம்னா என்ன?

திருப்பூர் பனியனும் டி-ஷர்ட்டும் கப்பலேறிப் போகும் ஐரோப்பாவில், பேஷன் உலகமே புரட்டிப் பார்க்கும் இதழ் 'எல்'. அதன் பிரெஞ்சுப் பதிப்பின் தலைமை ஆசிரியராக இருந்தவர் ழான் டொமினிக் போபி. 1952-ல் பிறந்தவர்.

என்ன ஆச்சு?

1995 டிசம்பர் 8-ல் 43 வயது போபிக்குத் திடீர் பக்கவாதம். சுமார் 20 நாள் கோமா. கண் விழித்தபோது கை, கால் அசையல, பேச்சும் வரல. இடது கண் இமை மட்டும் அசைந்தது.

எதனால்?

மூளையின் உத்தரவு, மூளைத்தண்டில் உள்ள 'பான்ஸ்' வழியாகத்தான் கை, கால், வாய்க்குப் போகுது. அந்தப் பாதை சேதமானால் உடம்பு முடங்கிடும். ஆனா யோசிக்கிற பெருமூளைக்குப் பாதிப்பில்லை. காது கேட்கும், எல்லாம் புரியும்; பதில்தான் சொல்ல முடியாது. கண்ணை மேலும் கீழும் அசைக்கும் மையம் பான்ஸுக்கு மேலே இருப்பதால், அது தப்பிவிடுகிறது.

எப்படி எழுதினார்?

உதவியாளர் எழுத்துகளை ஒவ்வொன்றாகச் சொல்வார். வேண்டிய எழுத்து வந்ததும் போபி இமைப்பார். இப்படியே ஒரு முழுப் புத்தகம்! 1997 மார்ச்சில் அது வெளியான சில நாளிலேயே, மார்ச் 9-ல் அவர் இறந்தார். 2007-ல் அது சினிமாவாகவும் வந்தது.

நாம் கவனிக்க வேண்டியது

பக்கவாதத்தில் அசையாமல் கிடப்பவர் எல்லாரும் நினைவு இல்லாதவர் அல்ல. மேலே பார்க்கச் சொல்லுங்க, இமைக்கச் சொல்லுங்க. கண் அசைந்தால் உடனே டாக்டரிடம் சொல்லுங்க. ஆமாம் என்றால் ஒரு இமைப்பு, இல்லை என்றால் இரண்டு. பேச்சு அங்கிருந்தே தொடங்கலாம்.