நோயறிந்தவர், மருந்தில் தவறியவர்

மார்கழி மாதத்து விடியற்காலை ஒன்றில் வெளியூர் புறப்படுவதற்காகக் காரின் சாவியைத் திருகினேன். 'டக்' என்று ஓர் ஒலி மட்டும் எழுந்தது, என்ஜின் சுழலவில்லை. பழுதுபார்க்க வந்த இளைஞர் ஒரு நிமிடம்கூடச் செலவிடாமல், பேட்டரி போய்விட்டது என்று தீர்ப்பளித்தார். புதிய பேட்டரி வந்தது, கார் கிளம்பியது. இரண்டு வாரங்கள் கழித்து அதே விடியல், அதே 'டக்'.

அடுத்து வந்தவர் முதியவர். எதையும் கழற்றுவதற்கு முன் முகப்பு விளக்கை எரியவிட்டுச் சாவியைத் திருகச் சொன்னார். விளக்கு மங்கவில்லை. மங்கியிருந்தால் பேட்டரியையோ அதன் முனை இணைப்புகளையோ ஐயுறலாம். மங்காததால் ஸ்டார்ட்டர் மோட்டார் மின்சாரத்தை உண்ணவே இல்லை என்று விளக்கினார். பிறகு மீட்டரை எடுத்தார். பேட்டரியில் 12.6 வோல்ட் இருந்தது. சாவியைத் திருகும்போது மோட்டாரின் முனையிலும் 12 வோல்ட்டுக்குக் குறையவில்லை. மின்சாரம் வாசல்வரை வந்து நிற்கிறது, உள்ளே போகவில்லை என்பது தெளிவாயிற்று. கடைசியாக, ஸ்பேனரின் பிடியால் மோட்டாரின் மேல் மெல்லத் தட்டிக்கொண்டே மீண்டும் சாவியைத் திருகச் சொன்னார். என்ஜின் உயிர்பெற்றது. உள்ளே தேய்ந்துபோன கார்பன் பிரஷ், அந்தத் தட்டலில் ஒரு கணம் தொட்டுக்கொண்டிருக்கிறது.

அதன் பிறகுதான் அவர் பேட்டரியின் நெகட்டிவ் இணைப்பைக் கழற்றினார். இரண்டு போல்ட்டுகளை எடுத்து மோட்டாரை வெளியே கொணர்ந்தார். பிரஷ்கள் கரைந்திருந்தன, அவை உராயும் செப்புப் பகுதியிலும் பள்ளம் விழுந்திருந்தது. எனவே மோட்டாரையே மாற்ற வேண்டியதாயிற்று. புதியதைப் பொருத்தும் முன், அது கவ்விச் சுழற்ற வேண்டிய பெரிய பல்சக்கரத்தின் பற்கள் உடைந்திருக்கின்றனவா என்று விளக்கடித்துப் பார்க்கவும் அவர் தவறவில்லை. நான் கழற்றிக் கொடுத்துவிட்ட பழைய பேட்டரி குற்றமற்றது என்பது அப்போதுதான் புரிந்தது.

அந்த மோட்டாரை அவர் 'செல்ஃப்' என்றே குறிப்பிட்டார். நம் ஊர்ப் பட்டறைகள் அனைத்திலும் அதற்கு அதுதான் பெயர். 'செல்ஃப் எடுக்கவில்லை' என்றால் எல்லோருக்கும் புரியும். 'செல்ஃப் ஸ்டார்ட்டர்' என்ற தொடரின் மீதி உதிர்ந்து முதற்சொல் மட்டும் தங்கிவிட்டது. அந்தச் சொல்லுக்குப் பின்னே நிற்கும் மனிதரைப் பற்றி அன்று முதல் தேடிப் படித்தேன். அவர் சார்லஸ் கெட்டரிங். படிக்கப் படிக்க, என் காருக்கு நேர்ந்த இரண்டு அனுபவங்களும் அவர் ஒருவர் வாழ்விலேயே அடங்கியிருப்பதைக் கண்டேன்.

அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலத்தில் லூடன்வில் என்ற சிற்றூரின் அருகே, ஒரு வேளாண் குடும்பத்தில் 1876-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 29 அன்று கெட்டரிங் பிறந்தார். இளமையிலேயே அவருக்குக் கண்பார்வைக் கோளாறு இருந்தது. சிறிது நேரம் படித்தால் தாங்க முடியாத தலைவலி வரும். பள்ளி ஆசிரியராகச் சில காலம் பணியாற்றினார். கல்லூரியில் சேர்ந்தும் கண் இடம் தராததால் படிப்பை நிறுத்தினார். தொலைபேசிக் கம்பி இழுக்கும் குழுவில் சேர்ந்து, கம்பம் நடக் குழி தோண்டும் வேலையைச் செய்தார். மின்சாரத்தை அவர் முதலில் கையால் கற்றது அங்கேதான். மீண்டும் கல்லூரிக்குத் திரும்பி, ஒஹாயோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் மின்பொறியியல் பட்டம் பெற்றது 1904-இல். அப்போது அவருக்கு வயது 27.

அதே ஆண்டு டேட்டன் நகரில் இருந்த நேஷனல் கேஷ் ரிஜிஸ்டர் நிறுவனத்தில் சேர்ந்தார். கடைகளில் பணம் வாங்கிப்போடும் கல்லாப் பெட்டி இயந்திரத்தை அன்று கையால் சுழற்ற வேண்டும். அதை மின்சாரத்தால் இயக்கும் பணி அவரிடம் வந்தது. அந்தப் பளுவைச் சுமக்கும் மோட்டார் பெட்டியைவிடப் பெரிதாக இருக்குமே என்பது பலருடைய கவலை. கெட்டரிங் கேள்வியை மாற்றிக் கேட்டார். இந்த மோட்டார் எவ்வளவு பளுவைச் சுமக்க வேண்டும் என்பதோடு, எவ்வளவு நேரம் சுமக்க வேண்டும் என்றும் கேட்டார். விடை, ஓரிரு நொடிகள். மோட்டாரின் அளவை முடிவு செய்வது அது சூடேறும் அளவு. நாள் முழுவதும் ஓடும் மோட்டார் பெரிதாகத்தான் இருக்க வேண்டும். சில நொடி ஓடி, ஓய்வெடுத்துக் குளிரும் மோட்டாரோ தன் தகுதிக்குப் பலமடங்கு பளுவைத் தாங்கிவிடும்.

1909-இல் அவரும் எட்வர்ட் டீட்ஸ் என்ற நண்பரும் சேர்ந்து டெல்கோ நிறுவனத்தைத் தொடங்கினர். டீட்ஸ் வீட்டுக் களஞ்சியக் கொட்டகைதான் அவர்களின் முதல் ஆய்வுக்கூடம். அங்கே உருவான மின்பொறி அமைப்பை வாங்கிய கேடிலாக் நிறுவனம், அடுத்து அவர்களிடம் கொண்டுவந்த சிக்கல் பெரியது: காரை உயிர்ப்பிப்பது எப்படி?

அக்காலத்தில் காரின் முன்புறம் ஒரு இரும்புக் கைப்பிடியைச் செருகிச் சுழற்றித்தான் என்ஜினைக் கிளப்ப வேண்டும். என்ஜின் சில நேரம் எதிர்த்திசையில் உதைக்கும். மணிக்கட்டு முறியும், தோள் விலகும், தாடை உடையும். பழைய அம்பாசிடர் காருக்கு ஹேண்டில் போட்ட தலைமுறையினருக்கு இது தெரியும். கட்டைவிரலை மற்ற விரல்களோடு ஒரே பக்கம் வைத்துப் பிடிக்க வேண்டும், சுற்றி மடக்கக் கூடாது என்று என் தந்தை எனக்குக் கற்பித்திருக்கிறார். கேடிலாக்கின் தலைவர் ஹென்றி லேலண்டின் நண்பர் ஒருவர், வழியில் நின்றுபோன ஒரு பெண்ணின் காரைக் கிளப்ப முயன்று அடிபட்டு இறந்ததாகவும், அந்தத் துயரமே லேலண்டை உந்தியதாகவும் ஒரு கதை உண்டு. அதன் ஆண்டுக் கணக்கை வரலாற்றாசிரியர்கள் ஐயுறுகிறார்கள். ஆனால், அப்படி அடிபட்டவர்கள் ஏராளம் என்பதில் ஐயமில்லை.

என்ஜினைச் சுழற்றும் அளவுக்கு வலுவுள்ள மோட்டார் என்றால் அதுவே ஒரு பெரும் சுமையாகிவிடும் என்று வல்லுநர்கள் கருதினர். கெட்டரிங்கோ கல்லாப் பெட்டியில் கற்ற பாடத்தை எடுத்து வந்தார். இங்கும் வேலை சில நொடிகள்தானே? 1911 பிப்ரவரியில் அவருடைய அமைப்பு ஒரு கேடிலாக் காரைக் கிளப்பிக் காட்டியது. 1912-ஆம் ஆண்டின் கேடிலாக் கார்கள் அதனுடன் விற்பனைக்கு வந்தன. அதில் ஒரே இயந்திரம் முதலில் மோட்டாராக நின்று 24 வோல்ட்டில் என்ஜினைச் சுழற்றும். என்ஜின் ஓடத் தொடங்கியதும் ஜெனரேட்டராக மாறி 6 வோல்ட்டில் பேட்டரிக்கு மின்னேற்றும். அதே மின்சாரம் விளக்குகளையும் எரித்தது. பிரிட்டனின் டூவர் கோப்பை இதற்காகக் கேடிலாக்குக்குக் கிடைத்தது.

இதன் விளைவு காரோடு நிற்கவில்லை. கைப்பிடி சுழற்ற வேண்டியதில்லை என்பதாலேயே அதுவரை பேட்டரி கார்களைப் பெண்கள் விரும்பினர். ஹென்றி ஃபோர்டின் மனைவியேகூட, கணவர் லட்சக்கணக்கில் பெட்ரோல் கார் செய்துகொண்டிருந்த காலத்தில் ஒரு மின்சாரக் காரைத்தான் ஓட்டினார். கெட்டரிங்கின் மோட்டார் பெட்ரோல் காரின் வாசலை எல்லோருக்கும் திறந்துவிட்டது. மின்சாரக் கார்கள் மெல்ல மறைந்தன. பெட்ரோல் காரை வெல்லச் செய்தது ஒரு மின்சார மோட்டார் என்பது வரலாற்றின் விந்தைகளுள் ஒன்று.

இதோடு அவர் ஓய்வு பெற்றிருந்தால், இந்தக் கட்டுரை ஒரு பாராட்டுரையாக முடிந்திருக்கும். டெல்கோ பின்னர் ஜெனரல் மோட்டார்ஸுக்குள் சேர்ந்தது. 1920 முதல் 1947 வரை அதன் ஆராய்ச்சிப் பிரிவுக்குத் தலைமை வகித்தார் கெட்டரிங். அங்கே அவரை எதிர்கொண்ட நோய், என்ஜினுக்குள் எழும் தட்டல் ஒலி. மேடேறும்போது கடகடவென்று அடித்து, ஆற்றலை விழுங்கி, என்ஜினையே சிதைக்கும் கோளாறு அது. கெட்டரிங்கின் மின்பொறி அமைப்புதான் காரணம் என்று பழி சொன்னவர்கள் உண்டு. அவரும் தாமஸ் மிட்ஜ்லி என்ற இளம் பொறியாளரும் பொறுமையாக ஆராய்ந்து, குற்றம் எரிபொருளில் இருப்பதை நிறுவினார்கள். பேட்டரியைக் குறை சொல்லாமல் மோட்டாரைக் கண்டுபிடித்த என் முதியவரின் வேலைதான் இது. நோயறிதலில் கெட்டரிங்குக்கு நிகர் அன்று எவருமில்லை.

மருந்தில்தான் தவறு நேர்ந்தது. 1921 டிசம்பரில் மிட்ஜ்லி கண்டறிந்தது டெட்ரா எத்தில் ஈயம். ஒரு கேலன் பெட்ரோலில் ஒரு தேக்கரண்டிக்கும் குறைவாகக் கலந்தால் போதும், தட்டல் அடங்கிவிடும். ஆல்கஹால் கலந்தாலும் தட்டல் அடங்கும் என்பது இருவருக்கும் தெரிந்தே இருந்தது. ஆனால், யாரும் வடித்துக்கொள்ளக்கூடிய ஆல்கஹாலுக்கு யாரும் தனியுரிமை கோர முடியாது; நிறையவும் கலக்க வேண்டும். ஈயம் மலிவு; உரிமையும் கையில் இருந்தது. 1923 பிப்ரவரியில் டேட்டனில் அந்தப் பெட்ரோல் விற்பனைக்கு வந்தது. ஈயம் என்ற சொல்லைத் தவிர்த்து 'எத்தில்' என்று அதற்குப் பெயரிட்டனர். 1924-இல் அதற்கென்று தொடங்கிய நிறுவனத்தின் தலைவர் கெட்டரிங்.

ஈயம் நஞ்சு என்பது அன்றைக்கே பழைய செய்தி. மிட்ஜ்லியே ஈய நஞ்சால் நோயுற்று ஓய்வெடுக்க நேர்ந்தது. 1924 அக்டோபரில் நியூ ஜெர்சியின் எண்ணெய் ஆலை ஒன்றில், இந்தக் கலவையைத் தயாரித்த தொழிலாளர்கள் ஐவர் மனம் பிறழ்ந்து துடித்து இறந்தனர். அரசு கூடி விவாதித்தது. சில மாதம் விற்பனை நின்றது. பின்னர் மீண்டும் தொடர்ந்தது. ஆலைக்குள் இறந்தவர்களைப் பற்றிப் பேசியவர்கள், தெருவில் புகையைச் சுவாசிக்கப்போகும் குழந்தைகளைப் பற்றிப் போதுமான அளவு பேசவில்லை.

இதே காலத்தில் கெட்டரிங் இன்னொரு தோல்வியையும் சந்தித்தார். நீருக்குப் பதிலாகச் செப்புத் தகடுகளும் காற்றும் குளிர்விக்கும் என்ஜின் ஒன்றை அவர் வடிவமைத்தார். 1923-இல் செவர்லே கார்களில் வந்த அது அளவுமீறிச் சூடேறியது. விற்ற கார்களை நிறுவனம் திரும்பப் பெற்றது; கதை சில மாதங்களில் முடிந்தது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கும்போதுதான் எனக்கு ஒன்று புலப்பட்டது. சூடேறிய என்ஜின் தன் குறையைத் தானே அறிவித்தது. பட்டறைக்குத் திரும்பி வந்தது. காற்றில் கலந்த ஈயத்தைத் திரும்பப் பெறுவதற்கு வழியில்லை. அது 'டக்' என்று ஒலிப்பதும் இல்லை. குழந்தைகளின் குருதியில் ஓசையின்றிச் சேர்ந்து அவர்களின் அறிவுத்திறனை அரித்தது.

கெட்டரிங் தீயவர் அல்லர். 186 காப்புரிமைகள் அவர் பெயரில் உள்ளன. விரைவில் உலரும் கார்ப் பூச்சு, டீசல் ரயில் என்ஜின் என அவர் தொட்டவை பல. 1945-இல் ஆல்ஃபிரட் ஸ்லோனுடன் அவர் பெயரையும் தாங்கி நியூயார்க்கில் எழுந்த புற்றுநோய் ஆராய்ச்சி நிறுவனம் இன்றும் உயிர்களைக் காக்கிறது. மறு ஆண்டே அவருடைய மனைவி ஆலிவ் புற்றுநோயால் காலமானார். 1958 நவம்பரில், தம் 82-ஆம் வயதில், புகழின் உச்சியில் அவர் மறைந்தார். உலகின் காற்றிலும் கடலிலும் பனியிலும் ஈயம் எந்த அளவுக்குப் பரவியிருக்கிறது என்று கிளேர் பேட்டர்சன் என்ற விஞ்ஞானி எச்சரித்தது 1965-இல். அதைக் கேட்க கெட்டரிங் இல்லை.

இந்தியப் பெருநகரங்களுக்கு ஈயமற்ற பெட்ரோல் 1995-இல் வந்தது; நாடு முழுவதும் ஈயம் ஒழிந்தது 2000-இல். உலகின் கடைசி நாடாக அல்ஜீரியா அதை நிறுத்தியது 2021-இல். டேட்டனில் தொடங்கி அதுவரை 98 ஆண்டுகள். அன்று ஒதுக்கிய ஆல்கஹால், எத்தனால் என்ற பெயரில் இன்று நம் பெட்ரோலில் கலந்து வருகிறது. அதற்கும் கேட்க வேண்டிய கேள்விகள் உண்டு. விளைநிலத்திடமும் நீரிடமும் அவற்றைக் கேட்டாக வேண்டும்.

நோயை அறிதல், நோயின் காரணத்தை அறிதல், தணிக்கும் வழியை அறிதல், அதன் பிறகு பொருந்தச் செய்தல் என்று மருந்து அதிகாரத்தில் வள்ளுவர் ஒரு வரிசை வகுத்திருக்கிறார். முதல் இரண்டு படிகளில் வென்றவர் மூன்றாவதிலும் வெல்வார் என்று அவர் எங்கும் உறுதி தரவில்லை. எனக்கு வந்த இளைஞர் முதற்படியிலேயே தவறினார். இழப்பு ஒரு பேட்டரியின் விலை. கெட்டரிங் முதல் இரண்டு படிகளையும் மிகச் சரியாக ஏறி, மூன்றாவதில் வசதியானதைத் தேர்ந்தார். அதற்கான விலையை மூன்று தலைமுறைகள் செலுத்தின.

அணையோ, மருந்தோ, எரிபொருளோ, கணினியோ, ஒரு சிக்கலுக்குத் தீர்வு வந்துவிட்டது என்று நம்மிடம் அறிவிக்கும் எவரிடமும் இரண்டு கேள்விகளைக் கேட்கும் கடமை நமக்கு உண்டு. குறை எங்கே என்று எப்படி உறுதி செய்தீர்கள் என்பது ஒன்று. பொருத்தப் போகும் புதியது வேறு எதைத் தேய்க்கும் என்பது மற்றொன்று. அந்த முதியவர் மோட்டாரைப் பொருத்தும் முன் பல்சக்கரத்தின் பற்களை விளக்கடித்துப் பார்த்தாரே, அந்த இரண்டு நிமிடம் டேட்டனில் 1923-இல் வாய்க்கவில்லை.