ஸ்டுடியோவுக்குள் ஒரு முற்றம்!

சினிமாவில் வரும் வீடு, அரண்மனை, ரயில் பெட்டி எல்லாம் நிஜமா? பல நேரம் அவை செட்! அவற்றை உருவாக்குபவர்தான் கலை இயக்குநர். அப்படிப் புகழ்பெற்றவர் பன்சி சந்திரகுப்தா.

1924-ல் சியால்கோட்டில் பிறந்தவர், காஷ்மீரில் வளர்ந்தவர். ஓவியராகும் ஆசையுடன் கல்கத்தா வந்தார். அங்கே சத்யஜித் ரே நண்பரானார். பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'தி ரிவர்' படம் எடுக்க வங்காளம் வந்தபோது, கலைப் பிரிவில் சேர்ந்து தொழில் கற்றார். 1955-ல் வெளியான ரேயின் முதல் படம் 'பதேர் பாஞ்சாலி'க்குக் கலை இயக்குநர் இவரே.

அடுத்த படம், 1956-ல் வந்த 'அபராஜிதோ'. அதற்குக் காசி நகரத்து வீட்டு முற்றம் ஒன்று தேவைப்பட்டது. திறந்தவெளியில் அமைத்தால் மழையில் பாழாகிவிடுமே! ஸ்டுடியோவுக்குள்தான் அமைக்க வேண்டும் என்றார் பன்சி. ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா மறுத்தார். முற்றத்தில் வானத்து வெளிச்சம் நிழலின்றி மென்மையாக விழும். விளக்குகளால் அது முடியுமா?

எவ்வளவு வாதாடியும் பன்சி அசையவில்லை. மித்ரா யோசித்தார். செட்டுக்கு மேலே வெள்ளைத் துணியைக் கட்டினார். விளக்குகளைக் கீழிருந்து அதன்மீது பாய்ச்சினார். துணியில் பட்டுத் திரும்பிய ஒளி, வான வெளிச்சம் போலவே முற்றத்தில் பரவியது!

'ஜல்சாகர்' படத்தின் இசைக்கூடம், 'நாயக்' படத்தின் ரயில் பெட்டி ஆகியவையும் பன்சி அமைத்த செட்டுகளே. பின்னர் இந்திப் படங்களிலும் முத்திரை பதித்தார். 1981-ல் அமெரிக்காவில் காலமானார்.

ஒருவரின் பிடிவாதமும் இன்னொருவரின் யோசனையும் கைகோத்ததால், கூரைக்கு அடியிலேயே ஒரு வானம் பிறந்தது!