இராகுலர் பெற்ற தந்தைச் செல்வம்

சித்தார்த்தர் அரண்மனையைத் துறந்து சென்றபோது அவருடைய மைந்தர் இராகுலர் பச்சிளங் குழந்தை. தந்தையின் முகம் அறியாமலே அவர் வளர்ந்தார். சம்புத்தராகி விளங்கிய பகவர் கபிலவஸ்துவுக்கு எழுந்தருளியபோது இராகுலருக்கு வயது 7 என்பர் பாளி உரையாசிரியர்.

யசோதரைத் தேவியார் தந்தையைச் சுட்டிக்காட்டி, அவரிடம் தமக்குரிய பங்கைக் கேட்குமாறு மைந்தரை அனுப்பினார். சிறுவர் பகவரின் நிழல் இனிதென்று கூறி நின்றார். பகவர் எழுந்து நடக்கவே, தந்தைப் பொருளைக் கேட்டவாறு பின்தொடர்ந்தார். அரசைத் துறந்தவரிடம் கொடுப்பதற்கு அறம் ஒன்றே இருந்தது. சிறுவரைத் துறவில் சேர்க்குமாறு சாரிபுத்த தேரரைப் பணித்தார்.

சுத்தோதன மன்னர் துயருற்றார். மூத்த மகனைப் பிரிந்தார், நந்தரைப் பிரிந்தார், இப்போது பேரனையும் பிரிந்தார். பெற்றோர் இசைவின்றி எவர் பிள்ளைக்கும் துறவு அளிக்கலாகாது என அவர் வேண்ட, பகவர் அதனைச் சங்க விதியாக்கினார். தேரவாத சங்கத்தில் அவ்விதி இன்றும் நிலவுகிறது. பெற்றோர் மனம் படும் பாட்டைப் பகவர் புறக்கணித்தாரல்லர் என்பதற்கு இதுவே சான்று.

ஆயினும் இராகுலர் தந்தையை ஒரே நாளில் அடைந்துவிடவில்லை. இராஜகிருகத்தில் பகவர் நீர்க்கலத்தில் எஞ்சிய சிறிதளவு நீரைக் காட்டி, அறிந்தே பொய் கூறுவோரின் துறவும் அவ்வளவே என உணர்த்தினார். பின் அந்நீரையும் கொட்டிக் கலத்தைக் கவிழ்த்தார். செயலுக்கு முன்னும், செய்யும்போதும், செய்த பின்னும் கண்ணாடியில் பார்ப்பதுபோல் அதனை ஆராய்ந்து பார்க்கப் பயிற்றினார்.

பின்னர் ஒருநாள் சிராவஸ்தியில், பகவரின் பின்னே சென்ற இளைஞர் இராகுலர், தந்தையின் எழிலையும் அதனை ஒத்த தம் எழிலையும் எண்ணி உள்ளுக்குள் மகிழ்ந்தார் என்கிறது உரை. எவ்வுருவையும் எனதென்றும் நானென்றும் கொள்ளலாகாது எனப் பகவர் திரும்பி நோக்கி அறிவுறுத்தினார். இராகுலர் அன்று பிச்சைக்குச் செல்லவில்லை; மரத்தடியில் தியானத்தில் அமர்ந்தார். உருவத்தில் தந்தையைத் தேடிய உள்ளம் அறத்தில் தேடத் தொடங்கியது. பயிற்சியில் வேட்கை மிக்க பிக்குகளுள் முதல்வர் எனப் பகவராலேயே போற்றப்பெற்ற அவர், அந்தவனத்தில் அருகதர் நிலை எய்தினார்.

கி.மு. 3ஆம் நூற்றாண்டில் அசோகர், பொய்ம்மை பற்றி இராகுலருக்குக் கூறிய அறிவுரையை இருபால் துறவியரும் இல்லறத்தாரும் அடிக்கடி கேட்டுச் சிந்திக்க வேண்டுமெனப் பைராட் கல்வெட்டில் பொறித்தார். அக்கல் இன்று கல்கத்தா ஆசியச் சங்கத்தில் உள்ளது. தந்தையிடம் ஒரு சிறுவர் கேட்டுப் பெற்ற பங்கு, இவ்வாறு நம் அனைவருக்கும் உரிய செல்வமாயிற்று.