முத்திப்பேறு பெற்ற தாமஸ் பெர்சி



ஜூபிலி விழாக்களிலே உழைத்தவர்களுக்குப் பொன்னாடை போர்த்தி மகிழ்கிறோம். நல்லதே. ஆயினும் மனிதர் தரும் மரியாதையை மனிதரே திரும்பப் பறித்துக்கொள்ளவும் கூடும். அரசி அளித்த உயர்ந்த விருதை இழந்தும், ஆண்டவர் அளித்த விசுவாசத்தை இழக்க மறுத்த ஒரு பிரபுவின் வரலாற்றை இம்மலரிலே உங்கள் முன் வைக்கிறேன்.

இங்கிலாந்து நாட்டு வீரர் அணிகளுள் தலையாயது 'கார்ட்டர்' அணியாகும். 14-ஆம் நூற்றாண்டிலே மூன்றாம் எட்வர்டு மன்னர் இதனை நிறுவினார். தொடக்கத்தில் மன்னரையும் சேர்த்து 26 பேரே உறுப்பினராயிருந்தனர். இடது முழங்காலுக்குக் கீழே கட்டும் நீலப் பட்டியே அதன் சின்னம். விண்ட்சர் கோட்டையிலுள்ள புனித ஜார்ஜியார் சிற்றாலயத்திலே ஒவ்வொருவருக்கும் தனி இருக்கையும், அதற்கு மேலே அவருடைய கொடியும் உண்டு. தேவதாயின் பாதுகாவலையும் புனித ஜார்ஜியாரின் பாதுகாவலையும் நாடித் தொடங்கப்பட்ட அணி இது என்பதை நாம் நினைவிற் கொள்ள வேண்டும்.

தாமஸ் பெர்சி 1528-ஆம் ஆண்டிலே பிறந்தார். வட இங்கிலாந்தை ஆண்ட பெருங்குடும்பம் அவருடையது. எட்டாம் ஹென்றி மன்னர் மடங்களைக் கலைத்தபோது 1536-இல் வடநாட்டு மக்கள் எதிர்த்தெழுந்தனர். அதில் பங்கு கொண்டதற்காக அவருடைய தந்தை 1537-இல் கொல்லப்பட்டார். சிறுவன் தாமஸ் தந்தையையும் குடும்பப் பட்டத்தையும் ஒருங்கே இழந்தான். கத்தோலிக்கரான மேரி அரசியின் காலத்தில், 1557-இல், நார்தம்பர்லாந்துப் பிரபு என்னும் பட்டம் அவருக்குத் திரும்பக் கிடைத்தது.

1558-இல் முதலாம் எலிசபெத் அரியணை ஏறினார். திருப்பலி சட்டத்தால் தடை செய்யப்பட்டது. எனினும் 1563-இல் அரசி பெர்சிக்குக் கார்ட்டர் விருதை அளித்தார். விருது வந்ததேயொழிய நம்பிக்கை வரவில்லை. அவருடைய நிலத்தில் கிடைத்த செம்புச் சுரங்கத்தையும் 1568-இல் நீதிமன்றம் அரசிக்கே உரியதென்று தீர்த்தது.

1569 நவம்பரில் பெர்சியும் வெஸ்ட்மோர்லாந்துப் பிரபுவும் மக்களைத் திரட்டி எழுந்தனர். நம் ஆண்டவரின் ஐந்து திருக்காயங்கள் தீட்டிய கொடி முன்னே சென்றது. நவம்பர் 14-ஆம் நாள் டர்ஹாம் பேராலயத்திலே மீண்டும் திருப்பலி நிறைவேறியது. அதே மாதத்தில் விண்ட்சரிலே பெர்சியின் கொடியும் தலைக்கவசமும் இருக்கைக்கு மேலிருந்து கீழே தள்ளப்பட்டு, கோட்டை அகழியிலே எறியப்பட்டன.

எழுச்சி சில வாரங்களிலேயே சிதறியது. தலைவர்கள் ஸ்காட்லாந்துக்கு ஓடினர். ஓட இயலாத ஏழைகள் நூற்றுக்கணக்கில் ஊரூராகத் தூக்கிலிடப்பட்டனர். இதை மறைத்து எழுதுவது முறையன்று. பெர்சி தயங்கித் தயங்கியே ஆயுதம் எடுத்தார். அவருடைய மனக்குறைகளுள் உலகக் காரியங்களும் கலந்திருந்தன. வாளெடுத்ததற்காகத் திருச்சபை அவரைப் பீடத்தில் ஏற்றவில்லை. பின்னர் வந்த சோதனையிலே அவர் நின்ற நிலைக்காகவே ஏற்றியது.

அடைக்கலம் தேடிய இடத்திலே அவர் காட்டிக்கொடுக்கப்பட்டார். லாக்லெவன் கோட்டையில் இரண்டு ஆண்டுகளுக்கு மேல் சிறையிருந்தார். மனைவி ஆன் அம்மையார் பிளாண்டர்ஸ் நாட்டுக்குத் தப்பிச் சென்று, அவரை மீட்கப் பணம் திரட்டினார். ஆனால் 1572-இல் ஸ்காட்லாந்து ஆட்சியாளர் 2,000 பவுனுக்கு அவரை எலிசபெத்தின் ஆட்களிடம் விற்றுவிட்டனர். முப்பது வெள்ளிக் காசுகள் நம் நினைவுக்கு வருகின்றன அல்லவா?

கத்தோலிக்க விசுவாசத்தைக் கைவிட்டால் உயிர் பிழைக்கலாம் என்று அவருக்குச் சொல்லப்பட்டது. இப்போது அவரிடம் படையில்லை, பட்டமில்லை, நீலப் பட்டியுமில்லை. பேரம் பேசுவதற்கு விசுவாசம் ஒன்றே எஞ்சியிருந்தது. அதை விற்க அவர் இசையவில்லை. 1572 ஆகஸ்டு 22-ஆம் நாள் யார்க் நகரச் சந்தைவெளியிலே, தாம் கத்தோலிக்கனாகவே இறப்பதாக அறிவித்துத் தலை கொடுத்தார். அவருக்கு வயது 44. அத்தலை நகர வாயிலின் மேல் வைக்கப்பட்டது.

அவருடைய மகள் மேரி, 16-ஆம் நூற்றாண்டின் இறுதியில் பிரசெல்ஸ் நகரிலே ஆங்கிலேயப் பெனடிக்டு சபைக் கன்னியர் மடம் ஒன்று தோன்றக் காரணமானார். 1895-இல் பாப்பரசர் பதின்மூன்றாம் லியோ, தாமஸ் பெர்சிக்கு முத்திப்பேறு பெற்றவர் என்னும் பட்டத்தை அளித்தார். அகழியில் எறியப்பட்டவரைத் திருச்சபை பீடத்திலே வைத்தது.

பங்கு மக்களே, நம்மிடம் தலையைக் கேட்பார் இன்று எவருமில்லை. ஒரு பதவிக்காக, ஒரு சம்பந்தத்திற்காக, ஊராரின் நல்லெண்ணத்திற்காக விசுவாசத்தைச் சற்றே மடித்து வைக்கும்படி மட்டுமே கேட்கின்றனர். அந்நேரத்தில் யார்க் நகரத்துச் சந்தைவெளியை நினைப்போமாக. முத்திப்பேறு பெற்ற தாமஸ் பெர்சி நமக்காகப் பரிந்து மன்றாடுவாராக!