ஆஸ்தான கவி

ஓரி பாணர்க்கு வாரி வழங்கிய கொல்லிமலை நம்முடையது. அம்மலைச் சாரலில், நம் சேந்தமங்கலத்திற்கு அண்மையிலுள்ள நாமக்கல்லின் பெயரால் அறியப்பட்டவர் கவிஞர் வெ. இராமலிங்கம் பிள்ளை. 1888இல் மோகனூரில், காவல்துறை ஊழியர் ஒருவரின் மகனாய்ப் பிறந்தார். ஓவியம் அவருக்குச் சோறிட்டது. ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் படம் வரைந்து தங்கப்பதக்கம் பெற்றார். அதே கைதான் 1930இல் வேதாரணியம் நோக்கி நடந்த உப்புச் சத்தியாக்கிரகிகளுக்கு வழிநடைப் பாட்டு எழுதியது. 1932இல் ஓராண்டுச் சிறையும் ஏற்றது.

1949இல் சென்னை அரசு அவரை ஆஸ்தான கவியாக்கியது. மன்னராட்சி நீங்கிய நாட்டில் மன்னர் காலத்துப் பட்டம்! வழங்கியதோ, அவர் சிறை சென்ற இயக்கத்தின் அரசே. 1955இல் ஆவடியில் அவ்வியக்கம் சோஷலிச பாணிச் சமுதாயத்தை இலக்காக ஏற்றது. மறு ஆண்டு கவிஞர் மேலவை உறுப்பினரானார். 1971இல் பத்மபூஷண் வந்தது, 1972இல் மறைந்தார்.

தகுதியறிந்து தந்த சிறப்புகளே இவை, அதில் ஐயமில்லை. ஆயினும் மக்கள் நாவில் நிலைத்தது, எந்த அரசும் கேளாமல், அரசை எதிர்த்து அவர் எழுதிய அந்த உப்புப் பாட்டுத்தான். சென்னைத் தலைமைச் செயலகத்தின் பத்துமாடிக் கட்டடம் அவர் பெயர் தாங்கி நிற்கிறது. நாமக்கல்லில் அவர் வாழ்ந்த வீடு நினைவில்லமாயிற்று.